ஆதிலட்சுமி நிறுத்திய பூசை

போளூர் ரோட்டுப் பக்கம் பால் வாங்குகிறவர்களுக்கெல்லாம் ஆதிலட்சுமியைத் தெரியும். விடிந்தும் விடியாமலும் தூக்குப் பாத்திரத்தோடு வருவாள். மலையைப் பார்த்து ஒரு கும்பிடு போட்ட பிறகுதான் முதல் ஆழாக்கைச் சாய்ப்பாள். பாலில் தண்ணீர் உண்டா என்று அவளிடம் யாரும் கேட்டதில்லை. அண்ணாமலையார் பார்த்துக்கொண்டிருக்கும்போது பொய் அளக்க அவளுக்குக் கை வராது என்பது தெருவுக்கே தெரியும்.

பிறந்த ஊர் கீழ்பென்னாத்தூர். நெல்லும் மல்லாட்டைக் கடலையும் விளைவிக்கிற குடும்பம். ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றது. எழுத்துக் கூட்டிப் படிப்பாள், உருண்டை உருண்டையாக எழுதுவாள். சைக்கிள் கடை இருசப்பனுக்கு வாழ்க்கைப்பட்டு டவுனுக்கு வந்தாள். நல்ல மனுஷன், குடி கிடையாது. எல்லாம் இருந்தும் ஆறு வருஷம் மடியில் ஒரு குழந்தை இல்லை. அவள் வேண்டாத சன்னதி இல்லை.

எழுபத்திரண்டாம் வருஷம் பக்கத்து வீட்டுச் சரோஜா, வடை மடித்து வந்த காகிதத்தைப் பிரித்துக்கொண்டு ஓடிவந்தாள். காவிரிக்கரையில் ஏதோ ஓர் ஊரில் சந்தான பாக்கிய வழிபாட்டுச் சங்கம் என்று ஒன்று. வருஷச் சந்தா கட்டி உறுப்பினராகச் சேர்ந்தால் மாதாமாதம் உங்கள் பெயரும் நட்சத்திரமும் சொல்லி அர்ச்சனை நடக்கும். வருஷத்துக்கு ஒரு முறை, ஐப்பசியில், விபூதிப் பிரசாதம் வி.பி.பி.யில் வீட்டுக்கு வரும். போஸ்ட்மேனிடம் சந்தாவைக் கொடுத்துப் பொட்டலத்தை வாங்கிக்கொள்ள வேண்டியதுதான்.

இருசப்பன் சிரித்தான். "மலையே காலடியில கீது. நீ இன்னாடான்னா தபால்ல சாமி கும்புடுறேங்கிற."

"நம்ம சாமிகிட்ட நான் சொல்லிட்டேன். அங்கேருந்தும் ஒருத்தர் சொன்னா கொஞ்சம் ஜாஸ்தி காதுல விழும்ல?"

உறுப்பினர் அட்டை வந்தது. எண் முந்நூற்றுப் பதினெட்டு. அதை ஆதிலட்சுமி கண்ணில் ஒற்றிக்கொண்டு, சாமி படச் சட்டத்துக்குள் கண்ணாடிக்குப் பின்னால் செருகி, சந்தனம் குங்குமம் வைத்துவிட்டாள்.

அடுத்த வருஷமே உண்ணாமலை பிறந்தாள். வீடே தீபத் திருநாள் போல ஆயிற்று. "சங்கத்துக்கு ஒரு வரி எழுதிப் போடேன்" என்று சரோஜா சொன்னதற்கு, "குடுத்த சாமிக்கே தெரியாதா இன்னா?" என்று கேட்டுவிட்டுக் குழந்தையைக் குளிப்பாட்டப் போய்விட்டாள்.

அந்த ஐப்பசியில் வி.பி.பி. மறுபடியும் வந்தது. வாசலுக்கு வந்த பிரசாதத்தை யாராவது திருப்பி அனுப்புவார்களா? வாங்கி நெற்றியில் இட்டுக்கொண்டாள். பின்னாலேயே மூர்த்தி பிறந்தான். அதற்கப்புறமும் ஐப்பசி தவறவில்லை, பொட்டலமும் தவறவில்லை, ஜோதி பிறந்தாள். ஒரு தடவை மீதி விபூதியைக் கொட்டகையில் இருந்த சிவப்பிப் பசுவின் நெற்றியில் பூசிவிட்டாள். சிவப்பி இரட்டைக் கன்று போட்டது.

"அந்தப் பொட்டலத்த என் சைக்கிள் கடைப் பக்கம் மட்டும் கொண்டாந்துடாத தாயே" என்று இருசப்பன் கையெடுத்துக் கும்பிட்டான். "ஒரு சைக்கிள் நாலு சைக்கிளாச்சுன்னா நிறுத்த எடம் இல்ல."

எண்பதாம் வருஷம் அவனே கண்டிப்பாகச் சொன்னான்: இந்தத் தடவை வேண்டாம் என்று திருப்பிவிடு. ஆதிலட்சுமியும் தலையாட்டினாள். போஸ்ட்மேன் வேடியப்பன் வந்து நின்றான்.

"இன்னாக்கா, வாங்கலையாம்? அண்ணன் சொன்னாரு. 'மறுக்கப்பட்டது'ன்னு எழுதித் திருப்பிடுறேன்."

"மறுக்கப்பட்டதா?" அவள் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். "சாமிப் பிரசாதத்து மேலயா அப்படி எழுதுவே?"

"நான் எழுதலக்கா, கவர்மெண்டு எழுதுது."

"கவர்மெண்டு எழுதினாலும் என் வாசல்ல நின்னுதானே எழுதும்? குடு இப்படி."

அடுத்த ஆனிக் கடைசியில் அருணாசலம் பிறந்தான். இந்தப் பிரசவம் மற்றதைப் போல இல்லை. ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் கண் திறக்காமல் கிடந்தாள். எழுந்து உட்கார்ந்ததும் டாக்டரம்மா கட்டிலருகே வந்து சொன்னார்: "இன்னொண்ணு உன் உடம்பு தாங்காதும்மா. நாலு குழந்தைக்கும் அம்மா வேணும்ல? ஆபரேஷன் பண்ணிக்கோ. தள்ளிப் போடாதே."

வீட்டின் தகரக் கூரையையும், வெளியில் நிற்கிற மூன்று பிள்ளைகளையும், மடியில் கிடக்கிறவனையும் ஆதிலட்சுமி நினைத்துப் பார்த்தாள். ஆனால் ஆபரேஷனுக்கு அவள் சம்மதிக்கவில்லை. வீட்டுக்கு வந்ததும் இருசப்பன் தலையில் அடித்துக்கொண்டான். "ஏன் லட்சுமி?"

"அங்க ஒருத்தர் மாசாமாசம் என் பேரச் சொல்லி, குடு குடுன்னு கேட்டுனு கீறாரு. நான் இங்க வேணாம்னு போய்ப் படுத்தா, சாமிகிட்ட ரெண்டு பேச்சு பேசுனாப்புல ஆவாதா? மொதல்ல அத நிறுத்துங்க. மறுநாளே நான் ஆஸ்பத்திரிக்கு வரேன்."

"பூசைய நிறுத்தணும், அவ்ளோதானே? ஒரு கார்டு போட்டாப் போச்சு."

"ஏன்னு மட்டும் எழுதாதீங்க. புள்ள வேணாம்னு எழுதுற கை வெளங்குமா?"

ஆடி மாதம் இருசப்பன் கிரீஸ் கையோடு எழுதினான்: 'உறுப்பினர் எண் 318 ஆதிலட்சுமி. பூசையை நிறுத்தவும்.' பத்து நாளில் அச்சடித்த கார்டு வந்தது: 'மனம் தளர வேண்டாம். பலன் தாமதமாகலாம். தங்கள் பூசை தடையின்றித் தொடரும்.'

இருசப்பனுக்குக் கோபம் வந்தது. 'அவசியம் நிறுத்தவும்' என்று அடிக்கோடு போட்டு இன்னொரு கார்டு எழுதினான். இந்தத் தடவை கையால் எழுதிய கடிதமே வந்தது. சங்கத்தின் சபாபதி குருக்கள் எழுதியிருந்தார்: 'குழந்தாய், உன் வேதனை எனக்குப் புரிகிறது. நம்பிக்கை இழக்காதே. இந்த மாதம் முதல் உன் பெயருக்கு மட்டும் விசேஷ அபிஷேகமும் செய்கிறேன். அதற்குச் சந்தா வேண்டாம்.'

சரோஜா சிரித்துச் சிரித்துச் சுவரைப் பிடித்துக்கொண்டாள். "ஆதி, இதுக்கு ரெட்டையா வந்தாலும் வரும்டி!"

ஆதிலட்சுமிக்குச் சிரிப்பு வரவில்லை. ஐப்பசி நெருங்கிக்கொண்டிருந்தது. மலையைப் பார்த்தால், 'அப்பா, உனக்கே தெரியும், நீயே ஒரு வழி காட்டு' என்பதைத் தவிர வேறு வேண்டுதல் இல்லை.

வழி ஆயுத பூசைக்கு முந்தின நாள் வந்தது. படங்களையெல்லாம் இறக்கித் துடைக்கும்போது அந்தச் சட்டத்தின் பின்பலகை கழன்று, ஒன்பது வருஷமாக உள்ளே இருந்த அட்டை குப்புற விழுந்தது. அட்டையின் முதுகை அவள் அன்றைக்குத்தான் பார்த்தாள். அதில் பொடி எழுத்தில் ஏதோ அச்சடித்திருந்தது. துடைக்கிற துணியைக் கீழே போட்டுவிட்டு, விரலை வைத்து எழுத்துக் கூட்டினாள்.

'பிரார்த்தனை நிறைவேறியதும் குழந்தையின் பெயர், நட்சத்திரம் எழுதித் தெரிவிக்கவும். அதுவரை பூசை ஆண்டுதோறும் தொடரும்.'

இரண்டு தரம் படித்தாள். அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

"இன்னாங்க, இங்க வாங்க! அந்தப் பெரியவரு நமக்கு இன்னும் ஒண்ணுமே பொறக்கலன்னு நெனச்சினு கீறாருங்க!"

இருசப்பன் அட்டையை வாங்கிப் பார்த்தான். முற்றத்தில் கூச்சல் போட்டு ஓடிக்கொண்டிருந்த பிள்ளைகளைப் பார்த்தான். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தவன், அவள் கண் கலங்கியிருப்பதைக் கண்டதும் நிறுத்தினான்.

"பாவங்க அவரு. ஒன்பது வருஷமா எனக்காகக் கேட்டுக்கினே இருந்திருக்காரு. ஒரு வரி எழுதல நானு."

கடிதத்தை அவளே எழுதினாள். இன்லண்டு லெட்டரில் உருண்டை எழுத்து: 'சாமி அவர்களுக்கு ஆதிலட்சுமி நமஸ்காரம். மன்னிக்கவும். உண்ணாமலை, ரோகிணி. மூர்த்தி, திருவாதிரை. ஜோதி, கார்த்திகை. அருணாசலம், உத்திரம். எல்லாம் நலம். போதும்.'

பதில் வரவில்லை. ஐப்பசி பிறந்தது. வழக்கமாகப் பொட்டலம் வருகிற வாரத்தில் ஆதிலட்சுமி தெருமுனையையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒருநாள் காலை வேடியப்பனின் சைக்கிள் மணி கேட்டது. அவள் வாசலுக்கு ஓடினாள்.

"வந்துட்டுதா வேடியப்பா?"

"வி.பி.பி. வரலக்கா" என்று அவன் பல்லெல்லாம் தெரியச் சிரித்தான். "ஆளே வந்துட்டாரு!"

அவனுக்குப் பின்னால், மஞ்சப்பையும் குடையுமாக மெலிந்த கிழவர் ஒருவர் மூச்சு வாங்க நடந்து வந்தார். நெற்றி நிறைய விபூதி. "முந்நூற்றுப் பதினெட்டு வீடு எதும்மா?" என்று அவளிடமே கேட்டார்.

ஆதிலட்சுமி தெருவிலேயே விழுந்து கும்பிட்டாள். பிள்ளைகள் நாலு பேரும் வரிசையாக வந்து நின்றார்கள். கடைசியானவன் உண்ணாமலையின் கையில். குருக்கள் ஒவ்வொருவராகப் பேரையும் நட்சத்திரத்தையும் சொல்லித் தலையைத் தொட்டார். கடிதத்தை மனப்பாடமே செய்திருந்தார். நாலாவது தலையைத் தொட்டதும் ஆதிலட்சுமியைத் திரும்பிப் பார்த்தார்.

"பலிச்சவா ஒரு வரி எழுதுவா, பலிக்காதவா நிறுத்திடுவா. நீ ஒருத்திதான் ஒன்பது வருஷமா ரெண்டும் பண்ணலை. உன் பேர் வரச்சே எல்லாம் ரெண்டு தரம் சொல்லுவேன். இப்படி நாலை வச்சுண்டு பேசாம இருந்தியே, நன்னா இருக்கா?"

"சாமிக்குத் தெரியும்னு இருந்துட்டேனுங்க."

"சாமிக்குத் தெரியும். குருக்களுக்கு யார் சொல்றது?"

எல்லோரும் சிரித்துவிட்டார்கள். அவர் மஞ்சப்பையிலிருந்து ஒரு பழைய பதிவேட்டை எடுத்து, அவள் பெயருள்ள பக்கத்தைப் பிரித்துப் பேனாவையும் நீட்டினார். கடைசிக் கட்டம் மட்டும் வெறுமையாக இருந்தது. ஆதிலட்சுமி பேனாவை வாங்கவில்லை. டாக்டரம்மா சொன்னதைத் தயங்கித் தயங்கிச் சொன்னாள். "குத்தமாயிடாதே சாமி?"

குருக்கள் பேனாவை அவள் கையில் வைத்தார். "கொடுத்ததை வளர்க்க நீ இருக்கணுமோல்லியோ? அதுவும் அவன் கேக்கற பூசைதாம்மா. தைரியமா எழுது."

'நிறைவேறியது' என்று அவள் எழுதினாள். எழுத்து கட்டத்துக்குள் அடங்காமல் அடுத்த பக்கத்துக்குப் போயிற்று. எழுதி முடித்ததும் தோளில் சுமந்த மூட்டையை இறக்கியது போல இருந்தது. "நாளைக்குக் காலையில ஆஸ்பத்திரிக்குப் போலாங்க" என்று இருசப்பனைப் பார்த்துச் சொன்னாள். அவன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

சூடாகப் பால் குடித்துவிட்டுக் கிளம்பும்போது குருக்கள் இடுப்பிலிருந்த விபூதிப் பையை அவிழ்த்து நீட்டினார். ஆதிலட்சுமி தன்னை அறியாமல் ஓர் அடி பின்னால் போனாள்.

"பயப்படாதே. இது உங்க ஊர்க் கோயில்ல இப்போ வாங்கினது."

அவள் வெட்கத்தோடு வாங்கி இட்டுக்கொண்டாள். "சாமி, ஒரு உண்மை சொல்லணும். அந்த விபூதியில எங்க பசுவுக்கும் கொஞ்சம் பூசிட்டேன். அது ரெட்டைக் கன்னு போட்டுது."

குருக்கள் விரித்த குடையை மறுபடி மடக்கினார், பதிவேட்டை வெளியே எடுத்தார். "அதுக்கு நட்சத்திரம் என்ன?"

இருசப்பன் போய், விபூதிக் கை எட்டாதபடி சிவப்பியைக் கொட்டகையின் அந்தக் கோடியில் இழுத்துக் கட்டினான்.