இலோனா அம்மாவின் கண் நிறம்

"டீச்சர், உங்க அம்மா கண்ணு என்ன நெறம்?" என்று இலோனா அம்மா ஒருநாள் என்னிடம் கேட்டார். கறுப்பு என்று உடனே சொல்லிவிட்டேன். "பாத்துச் சொல்றீங்களா, வழக்கமாச் சொல்றீங்களா?" என்றார். அப்போது என் தாயார் உயிரோடிருந்தார். மாலை வீட்டுக்குப் போனதும் பார்த்தேன். கறுப்பில்லை. புளியங்கொட்டைப் பழுப்பு, ஓரத்தில் சாம்பல் நிறத்தில் மெல்லிய வளையம்.

சென்ற வாரம் பாப்பாரப்பட்டி பஸ்ஸின் கண்டக்டர் தருமபுரியில் என் வீட்டு வாசலுக்கு வந்து, "படம் போடற அம்மா போயிட்டாங்க டீச்சர்" என்றார். முதலில் நினைவுக்கு வந்தது அந்தக் கேள்விதான். இந்த வயதில் சாவுச் செய்தி புதிதல்ல. செருப்பை மாட்டுவதே அலுப்பாக இருக்கிறது. ஆனாலும் அதே பஸ்ஸில் ஏறிப் போனேன்.

இலோனா அம்மாவின் தகப்பனார் பாப்பாரப்பட்டிக்காரர். படிக்கப் போன இடத்தில் ஹங்கேரிப் பெண்ணை மணந்தவர். மகள் அங்கே பிறந்து, சிறுமியாக இங்கே வந்தார். பெண்பிள்ளைக்குக் கோலம் போதும் என்றிருந்த காலத்தில் சென்னைக்குப் போய் ஓவியம் கற்றார். தன் படங்களை மட்டுமே வைத்துக் கண்காட்சி நடத்தினார். நம் பக்கத்தில் அதற்கு முன் எந்தப் பெண்ணும் அதைச் செய்ததில்லை. பிறகு தகப்பனார் வீட்டுக்கே திரும்பிவிட்டார். ஆனால் சந்தையில் தக்காளி வாங்கினாலும், "அம்மாவுக்கு எந்த நாடுங்க?" என்று யாராவது கேட்பார்கள். கடைசி வருடங்களில் அதற்குப் பதில் சொல்லவே அவர் களைத்துப் போனார். "பாப்பாரப்பட்டின்னா யாரும் நம்ப மாட்டேங்கறாங்க. சொல்லிச் சொல்லி வாய் வலிக்குது டீச்சர்" என்பார்.

ஒருநாள் என் வகுப்புக்கு வந்து பிள்ளைகளை மாமரம் வரையச் சொன்னார். எல்லோரும் இலைக்குப் பச்சை தீட்டினார்கள். ஜன்னலுக்கு வெளியே நின்ற மரம் அந்த மாதம் துளிர்விட்டுச் செம்புக் குடம் போல இருந்தது. அவர் யாரையும் திட்டவில்லை. ஜன்னலை இன்னும் கொஞ்சம் திறந்துவிட்டார்.

கோவிந்தசாமியை உங்களில் பலருக்குத் தெரியும். நிலக்கடலை மண்டி வைத்திருப்பவர். தாயார் இறந்ததும், நம் வழக்கப்படி நாற்காலியில் உட்காரவைத்து, மாலை போட்டு போட்டோ எடுத்தார்கள். உயிரோடிருந்தபோது எடுத்த படம் ஒன்றுகூட இல்லை. ஸ்டுடியோக்காரர் கண்ணைத் திறந்த மாதிரி தீட்டிக் கொடுத்தது அம்மா போலவே இல்லை என்று, கோவிந்தசாமி இலோனா அம்மாவிடம் வந்தார். இவர் அந்த வீட்டுக்குப் போய், கண் எப்படி இருக்கும் என்று ஒவ்வொருவரையும் விசாரித்தார். தாயார் வைத்த கொள்ளு ரசத்தைப் பற்றிச் சொன்னார்கள், கைமருந்தைப் பற்றிச் சொன்னார்கள். கண்ணைப் பற்றிச் சொல்ல ஒருவருக்கும் தெரியவில்லை. மகள்கள் இருவரும் தங்களுக்குள் சண்டை போட்டுக்கொண்டதுதான் மிச்சம். படம் வந்தபோது, அதில் தாயார் அரிசி முறத்தின் மேல் குனிந்திருந்தார்.

"தொறக்கச் சொன்னா மூடியே வெச்சுட்டீங்களேம்மா" என்றார் கோவிந்தசாமி.

"மூடல. கீழ பாக்கறாங்க. உங்களுக்குச் சோத்துல கல்லு வரக்கூடாதுன்னு பாக்கறாங்க."

அவர் படத்தை வாங்கிக்கொண்டு போனார். இப்போது அந்த வீட்டுக் கூடத்தில் யாராவது படத்தைப் பற்றிக் கேட்டால், "எங்கம்மா வேலையா இருக்காங்க" என்கிறார்.

சென்ற வாரம் இலோனா அம்மாவையும் அப்படித்தான் நாற்காலியில் உட்காரவைத்திருந்தார்கள். ஊரையே வரைந்தவருக்குத் தன் படம் என்று ஒன்றுமில்லை. போட்டோ எடுத்து முடித்த ஸ்டுடியோக்காரர், "கண்ண நான் தொறந்துடறேன். என்ன கலர் வெக்கட்டும்?" என்று கேட்டார்.

"நீலங்க" என்றது கூட்டம். "வெள்ளக்கார அம்மாவாச்சே." தினமும் அவருக்குப் பால் ஊற்றிய பெண்ணும் தலையாட்டினாள். அடுத்த வீட்டில் வாழ்ந்த பங்காளி சின்னசாமியும் ஆமாம் என்றார். ஒருவரிடமும் வஞ்சகமில்லை, அழுது வீங்கிய முகத்தோடுதான் சொன்னார்கள். காரியத்தன்று மாலை போட்டு மாட்டப் போகும் படம் அது. நீலம் வைத்துவிட்டால் இனி எந்தக் காலத்திலும் அவர் இந்த ஊர்க்காரர் இல்லை.

எனக்கு வாதாடத் தெம்பில்லை. உட்கார்ந்த இடத்திலிருந்தே, "கறுப்புங்க. நல்ல கறுப்பு. அவங்க அப்பா கண்ணு" என்றேன்.

கூட்டம் என்னைத் திரும்பிப் பார்த்தது. "நல்லாத் தெரியுமா டீச்சர்?" என்றார் ஸ்டுடியோக்காரர்.

"பாத்துச் சொல்றேன்" என்றேன்.

"பெரியப்பா கண்ணு கறுப்புத்தான்" என்றார் சின்னசாமி. ஸ்டுடியோக்காரர் கறுப்பென்று குறித்துக்கொண்டார்.

இலோனா அம்மா வரைந்த படம் எதுவும் என்னிடம் இல்லை. கேட்டிருந்தால் கொடுத்திருப்பார். அவர் கேட்ட கேள்வி ஒன்றுதான் என்னிடம் மிச்சம். அதற்குப் பிறகுதான் அவர் கண்ணையும் நிமிர்ந்து பார்த்து வைத்திருந்தேன். அதை வைத்துக்கொண்டுதான் அன்று ஒரு வார்த்தை சொல்ல முடிந்தது.

இன்று சாப்பிட உட்காரும்போது, உங்களுக்குச் சோறு போடுகிறவரின் கண் என்ன நிறம் என்று நிமிர்ந்து பாருங்கள்.