மழையில் கரையாத நிறம்

இன்று காலை மலையகத்து வட்டகொடை நிலையத்தில் ரயிலுக்காக நின்றபோது, மூடுபனிக்குள் எங்கோ பருந்து கத்தியது. எதிரே மேய்ந்த கோழிக்குஞ்சுகள் தேயிலைச் செடிகளுக்கடியில் மறைந்தன. எட்டு வயதில் நான் நின்ற, தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான லயத்து வாசல் நினைவில் விரிந்தது.

அப்போது எங்கள் கோழி பொரித்தவற்றில் வெள்ளைக் குஞ்சுகளையே பருந்து தூக்கிச் சென்றது. மிஞ்சிய ஒரே வெள்ளைக் குஞ்சு என் செல்லம். அம்மா அதை ஆறிய தேயிலைச் சாயத்தில் முக்கியெடுத்தார்.

"என்னாங்க மதினி, குஞ்சுக்கும் தேத்தண்ணியா?" என்று அத்தை சிரித்தார்.

"மண்ணு கலர்ல இருந்தா பருந்து கண்ணுல படாதுல்ல" என்றார் அம்மா.

மாலை மழையில் சாயம் கரைந்தது. மறுநாள் அந்தக் குஞ்சும் போனது. தப்பிய மண்நிறக் குஞ்சுகள் வளர்ந்து, தம் நிறத்திலேயே குஞ்சு பொரித்தன.

இன்று செடிகளுக்கடியிலிருந்து வெளியே வந்தவை எல்லாமே மண்நிறம். தூறலில் அது கரையவில்லை. ரயில் வந்து நின்ற பிறகும், நான் ஒரு வெள்ளைக் குஞ்சைத் தேடிக்கொண்டிருந்தேன்.