அதிகாரி பேசாத தாய்மொழி

டென்மார்க்கின் ஸ்கீவ நிலையத்தில் ரயில் தாமதம். என் பக்கத்தில் இருக்கும் தென்சூடான்காரர் மஜோக், கைப்பேசியில் டிங்கா மொழியிலும் ஆங்கிலத்திலும் மாறி மாறிக் கத்திக்கொண்டிருக்கிறார். தென்சூடானில் அவருடைய அம்மா, குடியிருக்கும் காணியைத் தன் பெயருக்கு மாற்ற ஓர் அலுவலகத்தில் நிற்கிறார். அதிகாரி ஆங்கிலத்தில்தான் பேசுவாராம். அம்மாவுக்கு டிங்கா மட்டும்தான் தெரியும். அதனால் மகன் இங்கிருந்து மொழிபெயர்க்கிறார்.

"அதிகாரிக்கு டிங்கா தெரியாதோ?" என்று டெனிஷில் கேட்கிறேன்.

"ஏன் தெரியாது? எங்கட ஊர்க்காரன்தான்! வெள்ளைக்காரன் கந்தோரில இங்கிலீஷ்தான் கதைச்சவன். இப்ப தனிநாடு கிடைச்சும் இவன் அதை விடுறானில்லை."

எனக்கே எரிச்சல் தாங்கவில்லை. இலங்கையில் எங்கள் ஊர் அரசாங்கக் கந்தோர்களிலும் என் அப்பா மொழி புரியாமல் இப்படித்தான் வாயடைத்து நின்றார்.

திடீரென்று கைப்பேசியில் அம்மா பொரிந்து தள்ளுகிறார். அதிகாரியும் பதிலுக்குக் கத்துகிறார்.

மஜோக் துள்ளி எழுகிறார். "கேட்டீங்களே? டிங்காவில ஏசுறான்!"

பிறகு அதிகாரி தொண்டையைச் செருமிக்கொண்டு, மறுபடியும் ஆங்கிலத்தில் தொடங்குகிறார். மஜோக் தலையில் கைவைத்தபடி உட்கார்ந்து மொழிபெயர்க்கிறார்.