பதியாத தாளைச் சித்தப்பா படித்தார்

எங்கள் குடும்ப நிலத்தைப் பிரித்து எழுதிய தாள் ஒன்று உண்டு. எந்த வக்கீலிடம் காட்டினாலும் முதலில் வரும் கேள்வி, "ரிஜிஸ்டர் ஆச்சா?" என்பதுதான். ஆகவில்லை. அந்தமானில், சௌல்தாரி கிராமத்தில் தாத்தா விட்டுப்போன நிலத்தை அப்பாவும் சித்தப்பாவும் அத்தையும் பிரித்துக்கொண்ட அன்று அப்பா எழுதினார், மூவரும் கையெழுத்துப் போட்டார்கள், வேலை முடிந்ததென்று சாப்பிட உட்கார்ந்துவிட்டார்கள். சர்க்கார் வேலை இருந்ததால் அப்பா தனக்குப் பங்கு வேண்டாம் என்றார். கீழே இருந்த வயல் சித்தப்பாவுக்கு. மேட்டில் இருந்த பாக்குத் தோட்டமும் அதிலிருந்த வீடும் அத்தைக்கு.

பதிவு செய்யாதது எல்லாக் குடும்பங்களிலும் நடக்கிற கூத்துதான். அடுத்த கூத்து அந்தமான்காரர்களுக்கு மட்டுமே வரும். சாட்சிக்கு வந்த பக்கத்து நிலத்துக்காரர்களில் ஒருவர் வங்காளி, ஒருவர் தெலுங்கர். தமிழில் எழுதினால் அவர்களுக்குப் புரியாது. எல்லோருக்கும் பொது ஹிந்திதான், ஆனால் அப்பாவுக்கு அதைப் பேசத்தான் தெரியும், எழுதத் தெரியாது. அதனால் ஹிந்தியையே தமிழ் எழுத்தில் எழுதிவிட்டார். உரக்கப் படித்துக் காட்டினார், சாட்சிகள் தலையாட்டினார்கள், கையெழுத்தும் போட்டார்கள். வீட்டில் யாருக்கும் இது விசித்திரமாகப் படவில்லை.

அப்பா போனார், அந்தச் சாட்சிகளும் போனார்கள். சௌல்தாரிக்கு நல்ல சாலை வந்தது, சாலை வழியே நிலம் கேட்டு ஆட்கள் வந்தார்கள். தாசில் ஆபீசுக்கு அலைந்தவர் சித்தப்பா என்பதால் சர்க்கார் கணக்கில் நிலம் முழுவதும் அவர் பேரில்தான் இருந்தது. மகன்கள் நச்சரிக்க நச்சரிக்க, அவர் கோர்ட்டுக்குப் போய்விட்டார். "தங்கச்சி பாவமென்று நான்தான் குடியிருக்க விட்டேன். இப்போது காலி செய்யச் சொல்லுங்கள்" என்பது வழக்கு. அத்தைக்குப் புருஷனும் இல்லை, பிள்ளையும் இல்லை. அந்தத் தோட்டம் போனால் தெருதான்.

அத்தையின் வக்கீல் மலையாளி அம்மா, பொறுமைசாலி. "பதியாத தாள வச்சு நிலம் ஒங்களோடதுன்னு சொல்ல முடியாதும்மா. ஆனா நீங்க அங்க எந்த மாதிரி இருந்தீங்க, பாவப்பட்டு விட்ட ஆளாவா, சொந்தப் பங்குக்காரியாவான்னு பாக்க கோர்ட் இத எடுத்துக்கலாம்" என்றார். எனக்குப் பாதிதான் புரிந்தது. அந்தத் தாள் இல்லாவிட்டால் அத்தைக்கு வேறு கதி இல்லை என்பது மட்டும் நன்றாகப் புரிந்தது.

சித்தப்பாவின் குறுக்கு விசாரணைக்காக நான் வேலை பார்க்கும் கார் நிக்கோபார் தீவில் லீவு சொல்லிவிட்டுக் கப்பலில் வந்தேன். வழியெல்லாம் வாந்தி. கோர்ட்டுக்குள் நுழையும்போதே யாரையாவது கடித்துக் குதறலாம் போல இருந்தது. கூண்டில் சித்தப்பா இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில் நின்றார். அத்தை பின் பெஞ்சில்.

வக்கீலம்மா தாளை நீட்டினார். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து பதிவு இல்லை என்று கத்தினார். உரிமைக்காக அல்ல, அத்தை அங்கே எந்த முறையில் இருந்தாள் என்று பார்க்க மட்டும் என்று சொல்லி ஜட்ஜ் அவரை உட்கார வைத்தார். மொழிபெயர்க்க வந்த தமிழர் தாளைப் பார்த்து விழித்தார். மெயின்லேண்டிலிருந்து புதிதாக வந்தவர், ஹிந்தி தெரியாது. "எழுத்து தமிழ்தான் சார், ஆனா இது தமிழ் இல்ல" என்றார். கிளார்க் வாங்கிப் பார்த்தார். ஹிந்தி அவருக்கு அத்துபடி, எழுத்து ஒன்றுகூடத் தெரியவில்லை. ஜட்ஜ் சிரிப்பை அடக்கிக்கொண்டார்.

நான் எழுந்து, நான் படிக்கிறேன் என்றேன். எதிர் வக்கீல் விடவில்லை. சொந்தக்காரியாம், மாற்றிப் படித்துவிடுவேனாம்.

அப்போது பின்னாலிருந்து அத்தையின் குரல் வந்தது. "பாயீ கோ ஹீ படனே தோ, சாப்." அண்ணனையே படிக்கச் சொல்லுங்கள் என்கிறாள்! அத்தைக்குப் புத்தி பேதலித்துவிட்டதா என்று எனக்குக் கோபம் தலைக்கேறியது. வழக்குப் போட்டவன் கையில் தாளைக் கொடுத்தால் என்ன படிப்பான்? அவர் எதைச் சொன்னாலும் அது தப்பு என்று எடுத்துக்காட்ட அங்கே ஆளில்லை. நான் சொன்னால் யார் கேட்கப் போகிறார்கள்? ஆனால் எதிர் வக்கீல் மறுப்பே சொல்லவில்லை. ஏன் சொல்லப் போகிறார்?

சித்தப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு படிக்க ஆரம்பித்தார். முதலில் தடுமாறினார், பிறகு குரல் தெளிந்தது. கீழ் வயல் யாருக்கு, எல்லை எது, ஓடைத் தண்ணீரில் யாருக்கு என்ன பாத்தியதை. கிளார்க், வங்காளி போலீஸ்காரர், தெலுங்கு டைப்பிஸ்ட், வக்கீலம்மா, அத்தனை பேருக்கும் ஒவ்வொரு வார்த்தையும் புரிந்தது. செத்துப்போன என் அப்பா நடு கோர்ட்டில் எல்லோரிடமும் பேசிக்கொண்டிருந்தார்.

அத்தையின் பங்கு எழுதியிருந்த இடத்தில் சித்தப்பா நிறுத்தினார். அவர் வக்கீல் இருமினார். கதவோரம் நின்ற மூத்த மகன் தலையை லேசாக ஆட்டினான்.

"ஊப்பர் வாலா சுபாரி பாக், கர் கே சாத், பஹன் கா" என்று படித்தார். "இஸ் மே கிஸீ பாயீ கா ஹக் நஹீ."

மேட்டுப் பாக்குத் தோட்டம் வீட்டோடு தங்கைக்கு, அதில் எந்தச் சகோதரனுக்கும் உரிமை இல்லை. ஓர் எழுத்துக்கூட விடாமல் படித்தார். தாளை மடித்துக் கிளார்க்கிடம் கொடுத்தார்.

"சரியாகத்தான் படித்தீர்களா?" என்று ஜட்ஜ் ஹிந்தியில் கேட்டார். தனக்கு எதிரான வரியை அவர் படித்ததை ஜட்ஜாலேயே நம்ப முடியவில்லை போலும்.

"படே பாயீ கா லிக்கா ஹை, சாப். கலத் கைசே படூங்?" என்றார் சித்தப்பா. அண்ணன் எழுதியது, எப்படித் தப்பாகப் படிப்பேன்?

வழக்குப் போடக் கூசாதவர், பொய் மனுவில் கையெழுத்துப் போட்டவர், அண்ணன் கையெழுத்தை மட்டும் மாற்றிப் படிக்க முடியாமல் நின்றார். மனிதர்களை எனக்கு நன்றாகத் தெரியும் என்ற என் நினைப்பு அன்றோடு போயிற்று. பிறகு வழக்கு தள்ளுபடியானது. அத்தை தோட்டத்திலேயே இருக்கிறாள்.

அன்று கோர்ட் வாசலில் அத்தையைப் பிடித்துக்கொண்டேன். "அவர் மாத்திப் படிச்சிருந்தா என்னத்த பண்ணிருப்ப? எந்தத் தைரியத்துல அவர் கையில குடுக்கச் சொன்ன?"

"தைரியமா? பயந்துக்கிட்டேதான்டி சொன்னேன்" என்றாள் அத்தை. "இருக்குற ஒரே அண்ணன். அவன் இன்னும் எனக்கு அண்ணன்தானான்னு தெரிஞ்சுக்கணும்ல. இல்லேன்னு ஆயிட்டா, அந்தத் தோட்டத்துல ஒக்காந்து நான் என்ன பண்ண?"