முதல் நாற்றும் அண்ணன் சுமந்த பழியும்

சுருளி வேலப்பர் துணை.

ஆத்தா கண் மூடி எட்டு வருஷமாகிறது. அன்றிலிருந்தே இதை எழுதப் பேனாவை எடுப்பேன், பயந்து மூடி வைப்பேன். அண்ணன் இருந்தவரை சொல்ல விடவில்லை. இன்று அவருக்கே முதலாண்டுத் திதி. இனியும் வாய் மூடியிருந்தால் வேலப்பர் என்னை மன்னிக்கமாட்டார்.

அண்ணன் சுருளிப்பட்டியில் பிறந்தவர். அப்பா சீக்கிரம் போய்விட்டதால் படிப்பை விட்டு, கம்பத்தில் டென்ட் சினிமாக் கொட்டகையில் படம் ஓட்டும் ஆபரேட்டரானார். அங்கேதான் ஒரு பிரெஞ்சு சினிமா டைரக்டர், ஓடாத தன் கேமராவோடு வந்து நின்றார். அண்ணன் பிரித்துப் பூட்டி ஓடவைத்தார். மறுநாள் எங்கள் வயலில் நடவைப் படம் பிடிப்பது, அது சரியாக அமைந்தால் அண்ணனை உதவிக்குச் சேர்த்துக்கொள்வது என்று பேச்சு.

மறுநாள் நடவுப் பெண்கள் நல்ல சேலை கட்டி, தலைவாரிப் பூ வைத்து, கையில் நாற்று முடியோடு வரிசையாக நின்றார்கள். குனியவே இல்லை. ஸ்டுடியோவில் போட்டோ எடுக்கிற நினைப்பு.

"ஏ மதினி, செலையாட்டம் நின்னா எப்பிடி? நாத்த ஊண்டுங்க!" என்றார் அண்ணன்.

"குனிஞ்சா மூஞ்சி எப்பிடித் தெரியும் கொழுந்தனாரே? மொதல்ல ஒங்க தொரையச் சிரிக்கச் சொல்லுங்க."

டைரக்டர் சிரிக்கவில்லை. பிலிம் வீணாகிறதே என்று கேமராவை மூடப்போனார். வரப்பிலிருந்த ஆத்தா சேலையைச் சொருகிக்கொண்டு வயலில் இறங்கினார். எங்கள் பக்கம் முதல் நாற்றைச் சுமங்கலிதான் ஊன்ற வேண்டும். அண்ணன் ஓடிப்போய் ஆத்தாவின் கையைப் பிடித்தார்.

"வேணாம் ஆத்தா. ஊரு பேசும்."

"பேசட்டும்லே. ஒம் பொழப்ப விட அது பெருசா? கைய விடு."

மடையருகே நின்ற எனக்கு மட்டும்தான் இது கேட்டது. ஆத்தா ஊன்றினார். "அத்தை தனியா நடுறாக" என்று மற்றவர்களும் குனிந்தார்கள். கேமரா ஓடியது.

அந்தப் போகம் புகையான் பூச்சி விழுந்து, பயிர் மணி பிடிக்காமல் சாவியானது. "பெத்தவளக் கையப் புடிச்சு இழுத்து எறக்கிட்டான்" என்று ஊர் பேசியது. உண்மையைச் சொல்லக் கிளம்பிய என்னை அண்ணன் தடுத்தார்.

"சும்மா இரு தம்பி. நான் வெளியூரு போறவன். ஆத்தா இங்கனதான இருக்கணும்?"

அந்த டைரக்டர் ஒன்றைப்போல இன்னொரு படம் எடுத்ததில்லை. மேகமலை யானை, கடலோர மீனவர், நாடகக்காரர், பாட்டே இல்லாத ஒரு கதைப்படம். நடக்க முடியாத வயதில் நாற்காலியில் உட்கார்ந்தபடி ஒரு சர்க்கஸ் படம். எல்லாவற்றிலும் அவர் பக்கத்தில் அண்ணன் இருந்தார். ஒவ்வொரு படம் முடிந்ததும் வேலப்பருக்கு முடியிறக்கி, "முருகா, அடுத்த படத்துக்கும் கண்ணக் குடு" என்று வேண்டுவார். கடைசிவரை கண் குறையவில்லை. நெஞ்சுதான் நின்றுவிட்டது.

அந்த நேரத்தில் ஆஸ்பத்திரிக்குக் காரில் ஏற்றிப்போன சின்னமனூர் சம்பந்தியாருக்கும், தந்தி கொடுத்து அழுத டைரக்டருக்கும், தோள்கொடுத்த அனைவருக்கும் எங்கள் குடும்பம் கைகூப்புகிறது.

இந்தப் போகம் எங்கள் வயலில் முதல் நாற்றை அண்ணன் மனைவியான என் மதினியை ஊன்றச் சொன்னேன். தயங்கினார், நடவுப் பெண்களே கைலாகு கொடுத்து இறக்கிவிட்டார்கள். பயிர் பச்சையாக நிற்கிறது. விளைச்சல் வேலப்பர் சித்தம்; கூடினாலும் குறைந்தாலும் மதினி பேரில் போடாதீர்கள்.

சொந்தங்களே, ஆத்தா தானாக இறங்கினார், அண்ணன் தடுத்தார். இதைச் சொல்கிறவர்கள் கூட்டாமல் குறைக்காமல் இப்படியே சொல்லுங்கள்.