பதினோரு ரெக்கார்டு நோட்டுகள்

அக்கா மகள் செல்போனில் ஒரு தொடர் பார்த்துக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூட வராந்தா, பின்னால் வயலின், பையன் கடிதம் நீட்டுகிறான், பெண் உதட்டைக் கடித்துச் சிரிக்கிறாள்.

"மாமா, உங்க காலத்துல இதெல்லாம் இருந்துச்சா?"

இருந்தது என்றேன். மீதியை அவளிடம் சொல்லவில்லை. உங்களிடம் சொல்லலாம்.

1991. ஸ்ரீபெரும்புதூரில் பிளஸ் டூ. காதலுக்கு எங்களுக்கு டியூஷன் எடுத்தவை இரண்டு: ஞாயிற்றுக்கிழமை டிவி, பஸ் ஸ்டாண்டு கடையில் தொங்கும் மாத நாவல்கள். நான் நாவல் கட்சி. கதாநாயகன் பெயர் போடாமல், கையெழுத்து தெரியாமலிருக்க இடது கையால் காதல் கடிதம் எழுதுவான். அவள் எப்படியோ கண்டுபிடித்துவிடுவாள். எப்படி என்று நான் யோசித்ததில்லை. ஒரே மூச்சில் படிக்கிறவனுக்கு அதற்கெல்லாம் ஏது நேரம்?

பென்னலூரிலிருந்து வரும் ஸ்டெல்லா வரைந்தால் கரப்பான்பூச்சியின் வாயுறுப்புகூட அழகாக இருக்கும். பிராக்டிகல் நெருங்கினால் பையன்கள் விலங்கியல் ரெக்கார்டு நோட்டுகளை அவள் மேஜையில் அடுக்கிவிடுவோம். வீட்டுக்கு எடுத்துப்போய் வரைந்து தருவாள். அந்த முறை பதினோரு நோட்டு. என் நோட்டில் வைத்தால் தெரிந்துவிடுமே என்று, இடது கையால் எழுதிய கடிதத்தை அடுக்கின் நடுவே செருகினேன். அவ்வளவு சாமர்த்தியம்.

வீட்டு வாசலில் அடுக்கைக் கை மாற்றி வாங்கிய அவள் அண்ணனின் காலடியில் கடிதம் விழுந்தது.

மறுநாள் அவள் வரவில்லை, அண்ணன் வந்தார். வரையாத நோட்டுகளை ஹெட்மாஸ்டர் மேஜையில் வைத்தார். பதினோரு பேரும் வரிசையில் நின்றோம்.

"எவன்டா எழுதினது? பேர் தெரிஞ்சா அவன நிறுத்திட்டு அந்தப் பொண்ண வரச் சொல்லிடுவேன்" என்றார் ஹெட்மாஸ்டர்.

அண்ணன் கத்தவில்லை. "எவன்னே தெரியாம எப்டி பஸ்ல அனுப்பறதுன்றாரு எங்கப்பா. நர்ஸுக்குப் படிக்கணும்னு சொல்லிகினு இருந்தா சார்."

கதையில் இந்த இடத்தில் ஒருவன் முன்னால் வருவான். நான் தரையைப் பார்த்தேன். பக்கத்தில் நின்ற குமார், "பேர் போடக்கூட பயந்தவன் இன்னாடா லவ்வு பண்ணுவான்?" என்று முணுமுணுத்தான். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பைத்தான் இன்னும் விழுங்க முடியவில்லை.

பிராக்டிகல் அன்று, ஃபார்மலின் வாடைக்கு நடுவே, அவள் எண் ஒட்டிய இடம் காலி. தேர்வாளர் இரண்டு முறை கூப்பிட்டுப் பார்த்துவிட்டுச் சிவப்பு மையில் ஏதோ எழுதினார். நான் பாஸானேன்.

நான்கு வருடம் கழித்து, வேலை கிடைத்த தைரியத்தில், உண்மையைச் சொல்லிவிடலாம் என்று பென்னலூருக்குப் போனேன். பஸ் முழுக்க வாக்கியத்தை ஒத்திகை பார்த்துக்கொண்டே போனேன். அவர்கள் தெரு இருந்த இடத்தில் நீளமாக ஒரு காம்பவுண்டு சுவர். கேட்டிலிருந்த வாட்ச்மேன், "இன்னா வோணும்?" என்றார்.

"இங்க ஸ்டெல்லான்னு... அவங்க வூடு."

"வூடா? இங்க கம்பெனிதான் கீது."

எங்கே போனார்கள் தெரியுமா என்று கேட்டேன். பாவம், அவர் போன வாரம்தான் வேலைக்குச் சேர்ந்திருந்தார்.