வடக்கு ஜன்னலைத் திறக்காத செப்டிமஸ்

செப்டிமஸ் மசீக்கிடம் கதவைப் பற்றி வாய் தவறி ஒரு வார்த்தை கேட்டுவிட்டால் அன்றைய பொழுது போச்சு. சார்ல்ஸ்டன் நகரத்துப் பழைய வீடுகளின் கதவு, ஜன்னல், மாடிப்படிக் கைப்பிடி எல்லாவற்றுக்கும் அவர்தான் வைத்தியர். துறைமுகத்தைப் பார்த்த மாளிகைக்காரர்கள்கூட அவருக்காக எட்டு மாதம் காத்துக் கிடப்பார்கள். காத்திருந்து அழைத்தவர்களுக்குத் திட்டுதான் முதலில் கிடைக்கும்.

"யாரைக் கேட்டு இந்த வர்ணத்தச் சுரண்டினீங்க? இந்தக் கதவுக்கு நூத்தம்பது வயசு. உங்க தாத்தாவோட தோல இப்படிச் சுரண்டுவீங்களா?"

ஒரு வக்கீல், பழைய தெருக்கதவைக் கழற்றி எறிந்துவிட்டுக் கடையில் வாங்கிய புதுக்கதவை மாட்டினார். செப்டிமஸ் அவரோடு இரண்டு வருஷம் பேசவில்லை. இத்தனைக்கும் அந்த வக்கீல்தான் செப்டிமஸ் பாடுகிற சர்ச் பாட்டுக் குழுவை நடத்தினார். இரண்டு வருஷமும் செப்டிமஸ் கண்ணை மூடிக்கொண்டு பாடினார்.

நான் லெட்டி. மேக்னோலியா சந்தில் அவர் வீட்டுக்கு எதிரே தையல்காரி. கல்யாணமாகி ஸ்பார்டன்பர்க்கிலிருந்து இங்கே வந்து முப்பத்தொரு வருஷம் ஆகிறது. இந்த ஊர்க்காரர்களுக்கு நான் இன்னும் "வந்தவ"தான். என் தையல் மிஷின் தெரு ஜன்னலோரம் இருக்கிறது. அதனால் எனக்குத் தெரியாமல் அந்தச் சந்தில் ஒன்றும் நடக்காது.

எங்கள் சந்து வீடுகள் தெருவுக்கு முகம் காட்டாதவை. ஓர் அறை அகலத்துக்கு ஒல்லியாக, விலாவைத் தெருப்பக்கம் திருப்பி நிற்கும். தெருவில் இருக்கும் கதவைத் திறந்தால் வீட்டுக்குள் போகமாட்டீர்கள். தெற்குப் பக்கம் ஓடுகிற நீளத் தாழ்வாரத்தில்தான் கால் வைப்பீர்கள். கடல்காற்று அங்கேதான் வரும். ஆகவே சாப்பாடு, அரட்டை, தூக்கம், சண்டை எல்லாம் அங்கேதான். தெருக்கதவு திறந்திருந்தால் யாரும் வரலாம். மூடியிருந்தால் கவர்னரே வந்தாலும் தட்டாமல் திரும்பிப் போக வேண்டும்.

இன்னொரு கட்டுப்பாடும் உண்டு. உங்கள் தாழ்வாரத்துக்கு எதிரே அடுத்த வீட்டின் வடக்குச் சுவர் நிற்கும். அதில் ஒன்றிரண்டு சின்ன ஜன்னல்கள் இருக்கும். அந்த ஜன்னல் வழியாக எட்டிப் பார்ப்பதைப் போல ஓர் ஈனச்செயல் இந்த ஊரில் கிடையாது. திருடனை மன்னிப்பார்கள். வடக்கே பார்ப்பவனை மன்னிக்க மாட்டார்கள்.

செப்டிமஸ் பிறந்ததும் வளர்ந்ததும் என் எதிரே இருக்கிற அந்த வீட்டில்தான். ஆறு வயதில் பக்கத்து வீட்டுப் பிறந்தநாள் கேக்கைப் பார்க்க வடக்கு ஜன்னலில் மூக்கை ஒட்டினாராம். அவர் அம்மா ஒரு வாரத்துக்கு வெறும் சோளக்கஞ்சி மட்டும் போட்டு, ஜன்னலை மூடி, இடுக்கெல்லாம் தெரியாமல் மூன்று பூச்சு வர்ணம் அடித்துவிட்டாள். அதற்குப் பிறகு அது திறக்கவே இல்லை. அப்பா கொத்தனார், பூகம்பத்தில் வெடித்த சுவர்களுக்கு இரும்புக் கம்பி கோத்த பரம்பரை. மகன் செங்கலைத் தொடாமல் மரத்துக்குப் போனதில் அவருக்குச் சாகும்வரை வருத்தம். செப்டிமஸ் கொரியாவுக்குப் பட்டாளத்தில் போய்வந்தார். வந்ததும் பெற்றோரை ஒருவர் பின் ஒருவராக அடக்கம் செய்தார். கல்யாணம் செய்துகொள்ள மறந்துபோனார். அவர் சொன்ன காரணம் அது. கூச்சம் என்று நான் சொல்வேன்.

வடக்கு வீட்டுக்கு மிஸ் ஆர்மின்டா போனோ குடிவந்து பத்தொன்பது வருஷம். நீதிமன்றத்தில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவள். விதவை. நிமிர்ந்த முதுகு, அதைவிட நிமிர்ந்த நாக்கு. ஞாயிற்றுக்கிழமை நாலு மணிக்குத் தெருக்கதவைத் திறந்து வைப்பாள். நாலு மணி ஐந்து நிமிஷத்துக்குச் செப்டிமஸ் பழுப்பு கோட்டோடு உள்ளே போவார். எள்ளு பிஸ்கட்டும் இனிப்புத் தேநீரும் நடக்கும். இப்படிப் பத்தொன்பது வருஷம். எத்தனை பிஸ்கட் என்று கணக்குப் போட்டு நானே ஒருநாள் களைத்துப்போனேன்.

அந்த ஆகஸ்டில் சவானா நகரத்தில் இருக்கும் தங்கை, ஆர்மின்டாவைத் தன்னோடு வந்துவிடச் சொல்லி நச்சரிக்க ஆரம்பித்தாள். மாதக் கடைசிக்குள் பதில் சொல்ல வேண்டுமாம். செய்தி கேட்ட செப்டிமஸ் என் கடைக்கு வந்து, தைக்கக் கொடுக்க ஒன்றும் இல்லாமல் நின்றார்.

"மிஸ் லெட்டி, நான் அவங்ககிட்ட கேக்கப்போறேன்."

"என்னத்த?"

"அதான். கேக்கவேண்டியத."

"ஏசுவே! பத்தொம்போது வருஷம் கழிச்சா? கொஞ்சம் அவசரமா இல்ல?"

அவருக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த ஞாயிறு தேநீர் முடிந்து எழும்போது, "அடுத்த ஞாயிறு உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும் மிஸ் ஆர்மின்டா" என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தார். "கேளுங்களேன். கதவு திறந்திருக்கும்" என்றாளாம் அவள். அந்த வாரம் முழுக்க அவர் சீட்டி அடித்துக்கொண்டே வேலை செய்தார். கோட்டுக்குப் புதுப் பொத்தான் நான்தான் வைத்துக் கொடுத்தேன்.

வியாழக்கிழமை பிடித்த மழை சனிக்கிழமைதான் விட்டது. ஞாயிறு நாலு ஐந்துக்குச் செப்டிமஸ் அவள் வீட்டு முன் போய் நின்றார். தெருக்கதவு மூடியிருந்தது.

தொப்பியைக் கழற்றினார். போட்டுக்கொண்டார். தெருவின் கோடிவரை நடந்து போய்த் திரும்பி வந்து பார்த்தார். மூடியேதான் இருந்தது. இன்ன கேள்வி வரப்போகிறது என்று அவளுக்குத் தெரியும். தெரிந்து கதவை மூடுகிறாள் என்றால் அதைவிடத் தெளிவாக ஒரு பெண் எப்படிப் பதில் சொல்வாள்?

மறுநாளிலிருந்து அவள் தாழ்வாரத்தில் டொக் டொக் என்று சுத்தியல் சத்தம். வேலையிலிருந்து வந்ததும் செப்டிமஸ் என் கடை ஸ்டூலில் உட்கார்ந்து அதைக் கேட்டுக்கொண்டிருப்பார்.

"பெட்டிக்கு ஆணி அடிக்கிறாங்க. சவானாவுக்குச் சாமான் கட்டுறாங்க."

"போய்க் கேளுங்களேன்."

"கதவு மூடியிருக்கு."

"டெலிபோன் பண்ணுங்க."

"மூடின கதவுக்குள்ள டெலிபோன் பண்றதா? அது சுவரேறிக் குதிக்கிறதவிட மோசம்."

"அப்ப அந்த வடக்கு ஜன்னலத் தொறந்து ஒரு வாட்டி பாத்துத் தொலைங்க! பெட்டியா வேற ஏதாவதான்னு தெரிஞ்சுபோகும்."

நான் அவரை அம்மணமாக நடக்கச் சொன்னதுபோல் பார்த்தார். "நீங்க வந்தவங்க மிஸ் லெட்டி. உங்களுக்குப் புரியாது" என்று எழுந்து போய்விட்டார். எனக்கு ஆத்திரமாக வந்தது. ஆனால் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். பின்சந்து வழியாகப் போய் நானே கேட்டிருக்கலாம். இரண்டு தடவை கிளம்பினேன். இரண்டு தடவையும் மூடிய கதவை நினைத்துத் திரும்பிவிட்டேன். முப்பத்தொரு வருஷத்தில் இந்த ஊர் வியாதி எனக்கும் தொற்றியிருந்தது.

அடுத்த ஞாயிறும் நாலு மணி ஆனது. கதவு மூடியிருந்தது. செப்டிமஸ் கோட்டுப் போட்டுக்கொண்டு தன் வீட்டுப் படியில் உட்கார்ந்திருந்தார். அவள் பக்கம் சுத்தியல் சத்தம் முன்னைவிட வேகமாகக் கேட்டது. டொக் டொக் டொக். திடீரென்று வீல் என்று ஓர் அலறல்.

செப்டிமஸ் எழுந்து ஓடிய வேகத்தை நான் அதற்கு முன்னும் பின்னும் பார்த்ததில்லை. தெருவுக்கு ஓடவில்லை, வீட்டுக்குள் ஓடினார். அடுத்த நிமிஷம் அவர் வீட்டு வடக்குச் சுவரில் படபடவென்று வர்ணம் வெடித்து உதிர்ந்தது. ஐம்பத்திரண்டு வருஷம் மூடியிருந்த ஜன்னலின் சட்டம் மேலே ஏறித் திறந்தது. அவர் தலை வெளியே வந்தது. நான் மிஷினைப் போட்டுவிட்டுத் தெருவுக்கே வந்துவிட்டேன். சந்தில் எல்லாப் படிகளிலும் ஆள் நின்றது.

உள்ளே அவள் நீலப் பட்டு உடுப்பில், தலை கலைந்து, ஒரு கையில் சுத்தியலோடு நின்றாளாம். அடிபட்ட கட்டைவிரல் வாயில். தெருக்கதவின் இடுக்கில் ஓர் இரும்புத் துண்டு செருகியிருந்ததாம். பெட்டியும் இல்லை, ஆணியும் இல்லை. மேசையில் எள்ளு பிஸ்கட். இதெல்லாம் பிறகு அவர் சொன்னது. எங்களுக்குக் குரல்தான் கேட்டது.

"மிஸ்டர் செப்டிமஸ்! வடக்கு ஜன்னல்லேர்ந்தா பாக்கறீங்க?"

"ஆமா. பாக்கறேன். விரலுக்கு என்ன ஆச்சு?"

"விரலக் கேக்கறாரு! ரெண்டு ஞாயிறா இந்தக் கதவோட மல்லுக்கட்டறேன். போன ஞாயிறு நாலு மணிக்கே இழுத்துக் களைச்சு உள்ள போயிட்டேன். மழைல ஊதி இறுகிப்போச்சு. ஊர்க்கதவெல்லாம் பாக்கற மனுஷன், பக்கத்து வீட்டுக் கதவு ஆகஸ்ட் மாசத்துல ஊதும்னு தெரியாதா?"

எங்கள் பக்கம் யாரோ சிரித்தார்கள். செப்டிமஸ் தடுமாறினார். "நீங்க வேணாம்னு மூடிட்டீங்கன்னு நெனச்சேன்."

"வேணாம்னா வாயத் தொறந்து சொல்லமாட்டேனா? என் வாய் எப்பவாச்சும் ஊதி இறுகியிருக்கா?"

"ஆளனுப்பியிருக்கலாமே."

"என்னன்னு அனுப்பறது? 'கேள்வி கேக்க வாங்க, வரும்போது இழைப்புளியும் கொண்டாங்க'ன்னா? எனக்கும் மானம் இருக்கு மிஸ்டர் செப்டிமஸ்."

பிறகு அவள் குரல் தாழ்ந்து வந்தது. "தங்கச்சிக்கு நாளைக்குப் பதில் எழுதணும். ரெண்டு வாரமா நீங்க வருவீங்க வருவீங்கன்னு பாத்தேன். வரல."

ஜன்னல் காலியானது. செப்டிமஸ் படியிறங்கித் தெருவுக்கு வந்தார். கையில் உளி, சுத்தியல் எதுவும் எடுக்கவில்லை. நேராக அவள் தெருக்கதவு முன் போய் நின்றார். பழைய சைப்ரஸ் மரம், ஆறு பலகை, அந்தச் சந்திலேயே வயதான கதவு. அதை அவர் தடவிப் பார்த்து மெச்சியதை நான் எத்தனையோ தடவை கண்டிருக்கிறேன்.

"மிஸ் ஆர்மின்டா, கொஞ்சம் தள்ளி நில்லுங்க."

"பின்சந்து வழியா வாங்களேன்!"

"பின்வாசல் வழியா வந்து கேக்கற கேள்வியா இது? என்னைக் கட்டிக்குவீங்களான்னு கேக்க வந்திருக்கேன்!" என்று தெருவே அதிரக் கத்தினார். கத்திக்கொண்டே தோளைக் கொடுத்து இடித்தார். ஒரு தடவை. இரண்டு. நானும் ஓடிப்போய்ச் சேர்ந்துகொண்டிருப்பேன், அழுகை கண்ணை மறைத்தது. நாலாவது இடியில் நடுப்பலகை பிளந்து, கதவு கீலோடு பெயர்ந்து உள்ளே விழுந்தது. செப்டிமஸ் அதன் மேலேயே விழுந்தார்.

எழுந்து முட்டியைத் தட்டினார். தொப்பியைத் தேடினார், காணவில்லை. வெறும் தலையோடு, மூச்சு வாங்க, அவள் முன்னால் நின்றார்.

"சொல்லுங்க மிஸ் ஆர்மின்டா. என்ன பதில் சொல்றீங்க?"

அவள் கட்டைவிரலை வாயிலிருந்து எடுத்தாள். உடைந்து கிடந்த கதவைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள்.

"முதல் இடியிலேயே சரின்னு சொல்லிட்டேன். நீங்கதான் நிறுத்தல."